கல்லறை அளக்க வந்த தொரை

புத்தூர் ரயில்வே கேட்டுக்கு அந்தப் பக்கம் நிற்கிற அரிசி மில் நான் கட்டியது. திருப்பதி அடிவாரத்தில் யாத்ரீகர்கள் தங்குகிற மூன்றடுக்கு லாட்ஜ் நான் கட்டியது. தோண்டின இடமெல்லாம் பாறை என்று இன்ஜினியரே கையை விரித்துவிட்டுப் போன மனை அது. காணிப்பாக்கத்தில் கடைவரிசை எழும்பும்போது ஆற்று வெள்ளம் ஏறி சிமெண்டு மூட்டையெல்லாம் கல்லாகிப் போனது. மறுபடி முதலிலிருந்து கட்டினேன். நகரியில் தறிக்கொட்டகை, சித்தூரில் கல்யாண மண்டபம். நான் இரண்டாம் வகுப்புக்கு மேல் பள்ளிக்கூடம் பார்க்காதவன். கையெழுத்துப் போடுவதையே ஒரு லாரி ஷெட்டில்தான் கற்றுக்கொண்டேன். கொத்துக்கரண்டி பிடிக்கக்கூட இவனுக்கு வராது என்று சிரித்த பங்காளிகள் வீட்டுக்கும் நான்தான் தளம் போட்டேன்.

இவ்வளவும் ஊர் அறிந்தது. ஊர் அறியாதது ஒன்று உண்டு. நாகலாபுரம் போகிற வழியில், ஒரு கேழ்வரகுக் கொல்லையின் நடுவில், முழங்கால் உயரத்துக்கு ஒரு கல்கட்டு. ஒரு கட்டில் அகலம்கூட இருக்காது. அதைக் கட்டுவதற்கு முன்னால் நான் பட்ட பாட்டை அந்த லாட்ஜுக்குக்கூடப் படவில்லை.

ஆந்திரா தனி மாநிலமாகி, எல்லை மட்டும் முடிவாகாமல் இருந்த காலம் அது. எங்கள் பக்கத்துத் தமிழ்க் கிராமங்களில் வேறு பேச்சே கிடையாது. மெட்ராசோடு சேர்ப்பார்களா, இங்கேயே விடுவார்களா? பிள்ளைகள் எந்த பாஷையில் படிக்கும்? தாலுகா கச்சேரியில் எந்த பாஷையில் மனுக் கொடுப்பது? ஊர்ப்பலகையை ஒரு கூட்டம் தார் பூசி அழிக்கும், மறுநாள் இன்னொரு கூட்டம் வந்து எழுதும். நிலம் அளக்கச் சங்கிலியோடு யார் வந்தாலும் அடி விழும். இதில் ஒரு வதந்தி வேறு கிளம்பியிருந்தது. இரண்டு பக்கமும் ஒத்துக்கொள்ளாததால், டெல்லிக்காரர்கள் ஒரு வெள்ளைக்காரனை அனுப்பி ரகசியமாகக் கோடு போடப் போகிறார்களாம்.

அப்போது என்னிடம் பட்டாளத்தார் கழித்துவிட்ட ஜீப் ஒன்று இருந்தது. ரேணிகுண்டா ஸ்டேஷன் வாசலில் நிறுத்தி வாடகைக்கு ஓட்டுவேன். சவாரி இல்லாத நாளில் கல்வேலைக்குப் போவேன். அந்த ஜீப்பைத் தவிர எனக்கென்று உலகத்தில் ஒன்றும் கிடையாது. வீடுகூட வாடகை வீடு.

ஒருநாள் மிஷன் பங்களாவிலிருந்து ஆள் வந்தது. அமெரிக்காவிலிருந்து ஒரு கிழவர் வந்திருக்கிறார். அவருடைய தாத்தாவின் அண்ணன் அந்தக் காலத்தில் ஜெர்மனியிலிருந்து இந்தப் பக்கம் பாதிரியாராக வந்து, காய்ச்சலில் செத்து, இங்கேயே புதைக்கப்பட்டவர். அந்தக் கல்லறையைத் தேடிப் பார்த்து, சுற்றிக் கல்கட்டு எழுப்ப வேண்டும். ஜீப்பும் வேண்டும், கொத்தனாரும் வேண்டும். இரண்டும் ஒரே ஆளாக இந்த ஜில்லாவில் இருந்தவன் நான் ஒருத்தன்தான். மொழிபெயர்ப்புக்கு மிஷன் பள்ளிக்கூட வாத்தியார் ஒருவரைக் கூட ஏற்றிவிட்டார்கள். வீட்டில் தெலுங்கு பேசுகிறவர். தமிழும் இங்கிலீஷும் நன்றாகத் தெரியும்.

கிழவர் நெட்டை. வெயிலில் வெந்து சிவந்த கழுத்து. அமெரிக்காவில் சோளமும் கோதுமையும் விளைவிக்கிற விவசாயி. ஜீப்பில் ஏறினதிலிருந்து நான் அவர் குடும்பக் கதையைக் கேள்வியாகக் கேட்டுக்கொண்டே வந்தேன். வாத்தியார் சலித்துப் போனார். “ரோட்டைப் பார்த்து ஓட்டுப்பா, பரீட்சையா எழுதப் போறே?” என்றார். நான் விடவில்லை. படிக்காதவனுக்குக் காதுதான் பள்ளிக்கூடம். அன்றைக்கு நான் கேட்டுவைத்ததுதான் சாயங்காலத்துக்குள் மூன்று பேரையும் காப்பாற்றியது.

ஓடைக்கு இந்தப் பக்கம் ஒரு வளைவு. அதில் திரும்பினதும் ஒரு கட்டைவண்டியைக் குறுக்கே தள்ளிவிட்டார்கள். பிரேக் போடுவதற்குள் சுற்றிலும் ஆட்கள். மண்வெட்டி, தடி, அரிவாள்.

“எறங்குய்யா! அந்த வெள்ளைக்காரனை எறக்கு!”

ஒருத்தன் கிழவரின் பையைப் பிடுங்கித் தலைகீழாகக் கொட்டினான். துண்டு, தண்ணீர்க் குடுவை, கடைசியில் உருண்டையான தோல் பெட்டியில் சுற்றிவைத்த நீள அளவு டேப்பு. கல்கட்டுக்கு அளவெடுக்கத்தான் கிழவர் அதைக் கொண்டுவந்திருந்தார்.

“தோ பாருங்கடா டேப்பு! நான் இன்னா சொன்னேன்? அளக்கத்தான் வந்துகினு இருக்கானுங்க!”

 வாயைத் திறந்த வாத்தியார் பயத்தில் தெலுங்கிலேயே ஆரம்பித்துவிட்டார். “அண்ணா, இதி சர்க்காரு பனி காதண்ணா...” அரசாங்க வேலை இல்லை என்றுதான் சொன்னார். எந்த ஊரில் நின்று எந்த பாஷையில் சொல்கிறோம் என்பதை மறந்துவிட்டார்.

கூட்டத்துக்கு முன்னால் ஒரு நடுவயது அம்மாள் நின்றிருந்தாள். முந்தானையை இடுப்பில் இழுத்துச் செருகிக்கொண்டு, “கேட்டீங்களா? தெலுங்கு வாத்தியாரைக் கூட்டிக்கினுதான் கோடு போட வந்துகிறான்!” என்று கத்தினாள். அவ்வளவுதான். இரண்டு பேர் கட்டைவண்டியிலிருந்து வைக்கோலை உருவி என் ஜீப்புக்கு அடியில் திணித்தார்கள். பெட்ரோல் டாங்கி எந்தப் பக்கம் என்று ஒருத்தன் தேடினான்.

அந்த அம்மாளின் மாமனார் பெரியவர் ஒருவர். ஊரில் அவர் பேச்சுக்கு மதிப்பு. அவர் என்னிடம் தனியாக வந்தார். “தபாரு டிரைவரு, நீ நம்ம பாஷை பேசுற. வண்டியைத் திருப்பிக்கினு போயிடு, உனுக்கு ஒண்ணும் ஆவாது. ஓடை தாண்டி ஒரு அடி வெச்சா கொளுத்திடுவோம். அப்பால என்னைச் சொல்லாதே.”

வாத்தியார் இதைக் கிழவருக்கு இங்கிலீஷில் சொன்னார். கிழவர் என் முகத்தைப் பார்த்தார். தன்னை அங்கேயே இறக்கிவிட்டு வண்டியைக் காப்பாற்றிக்கொள்ளச் சொன்னார்; தான் நடந்து போய்க் கேட்டுப் பார்ப்பதாகச் சொன்னார். இந்த வயசுக்கு மேல் இன்னொரு தடவை வர முடியாது என்றும் சொன்னார். வாத்தியார் என் சட்டையைப் பிடித்து இழுத்தார். “திருப்புப்பா, ஏசப்பா புண்ணியத்துல திருப்பு.”

திருப்பியிருக்கலாம். யாரும் என்னைக் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். நான் ஜீப் சாவியை உருவிப் பெரியவர் கையில் வைத்தேன்.

“சாவி உங்ககிட்டயே இருக்கட்டும். நான் சொல்றதைக் கேளுங்க. பொய்யின்னு தோணிச்சின்னா நீங்களே கொளுத்திக்குங்க.”

கூட்டம் கொஞ்சம் அடங்கியது. நான் பானெட் மேல் ஏறினேன். இவர் கோடு போட வந்தவர் இல்லை, பாதிரி கல்லறையைப் பார்க்க வந்தவர், செத்துப்போன பாதிரி இவர் தாத்தாவுக்கு அண்ணன் என்றேன்.

அந்த அம்மாள் விடுவாளா? “செத்தவரு ஜெர்மன்காரருன்னு ஊருக்கே தெரியும். இவரு எந்த ஊரு?”

“அமெரிக்கா.”

“அண்ணன் ஒரு நாடு, தம்பி ஒரு நாடா? எவன் காதுல பூ சுத்துற?”

கூட்டம் சிரித்தது. அந்தச் சிரிப்பு எனக்குப் பிடிக்கவில்லை. ஒருத்தன் தீப்பெட்டியை எடுத்துக் கையில் ஆட்டிக்கொண்டிருந்தான். ஜெர்மன்காரர்கள் எப்படிக் கடல் தாண்டி அமெரிக்கா போனார்கள் என்பதை முழுசாகச் சொன்னால் ஒழிய அந்தத் தீப்பெட்டி பைக்குள் போகாது என்று புரிந்தது. வாத்தியார் படித்தவர், அவர் சொல்லியிருக்க வேண்டியது. அவர் ஜீப்பின் பின்சக்கரத்தோடு ஒட்டிக்கொண்டு நின்றார். நான் சொன்னேன்.

“அவங்க பக்கத்துல நெலத்தைப் பங்கு பிரிக்க மாட்டாங்க. மூத்தவனுக்கே மொத்தமும். மத்தவனெல்லாம் அவன்கிட்டயே கூலி வேலை செய்யணும்.”

“நாங்க பிரிச்சி பிரிச்சி வரப்புதான் மிச்சம்,” என்றான் ஒருத்தன் பின்னாலிருந்து.

“அவங்களுக்கு உருளைக்கெழங்குதான் சோறு. அது பூமியிலயே அழுவிப்போன வருஷமெல்லாம் உண்டு. வயசுப் பசங்களைப் பட்டாளத்துக்குப் புடிச்சிக்கினு போறான் ராஜா. ஊரு ஊராக் கெளம்பிட்டாங்க. இவரு வூட்ல மூணு பேரு. பெரியவன் நெலத்தோட நின்னுட்டான். நடுவுலவன் பாதிரி ஆயி நம்ம பக்கம் வந்தாரு. சின்னவன் அமெரிக்கா கப்பல் ஏறிட்டான். அந்தச் சின்னவனுக்குப் பேரன் இவரு.”

“கப்பல்ல போறதுக்குக் காசு ஏது?” என்றார் பெரியவர். நல்ல கேள்வி. அவர் கேட்க ஆரம்பித்துவிட்டார் என்று எனக்கு மூச்சு வந்தது.

“மேல உக்காந்துக்கினு போற கப்பல் இல்ல பெரியவரே. அமெரிக்காவுலேர்ந்து பொகையிலையும் பருத்தியும் ஏத்திக்கினு வர்ற கப்பல். திரும்பப் போவசொல்ல காலியாப் போவக்கூடாதுன்னு, அந்த மூட்டை அடுக்குற எடத்துலயே பலகை அடிச்சி மனுஷாளை அடுக்குவாங்க. வெளிச்சம் இல்ல, காத்து இல்ல. தண்ணி புழு வெச்சிடும். கொழந்த செத்தா துணியில சுத்திக் கடல்ல வுட்டுடுவாங்க. பெத்தவ பாத்துக்கினு நிக்கணும்.”

 நான் கொஞ்சம் சேர்த்தும் சொன்னேன். புயலில் பாய்மரம் முறிந்ததாகச் சொன்னது என் சொந்தச் சரக்கு. மற்றதெல்லாம் கிழவர் சொன்னதுதான்.

“அங்க போயி காட்டை வெட்டி, ஊரு கட்டி, சர்ச்சு கட்டி, இஸ்கூலும் அவங்க பாஷையிலயே வெச்சிக்கினாங்க. நல்லாத்தான் இருந்தாங்க. அப்பால அமெரிக்காவுக்கும் ஜெர்மனிக்கும் சண்டை வந்திச்சி. ஒரே வருஷத்துல பாஷையை எடுத்துட்டாங்க. இஸ்கூல்ல பேசக்கூடாது, ரோட்ல பேசக்கூடாது. போர்டெல்லாம் அழிச்சாங்க. இவரு வூட்டுக் கதவு மேலயே மஞ்சப் பெயிண்டை ஊத்திட்டுப் போனாங்க.”

 தார்ச் சட்டியோடு நின்றிருந்த ஒருத்தன் அதை மெதுவாகக் கீழே வைத்தான்.

“இஸ்கூல்லயுமா எடுத்துட்டாங்க?” என்றாள் அந்த அம்மாள். குரல் மாறியிருந்தது. உடனே சந்தேகமும் வந்துவிட்டது. “அப்போ இவருக்கு அந்த பாஷை தெரியும் இல்ல? பேசச் சொல்லு பாப்போம். இங்கிலீசு வாணாம்.”

வாத்தியார் சொன்னார். கிழவர் வாயைத் திறந்தார், ஒன்றும் வரவில்லை. தாத்தா போன பிறகு அதை வாய்விட்டுப் பேசினதே இல்லையாம். கைக்குட்டையால் கழுத்தைத் துடைத்தார். மறுபடி முயன்றார். ஒரு சொல் வந்து பாதியில் நின்றது. “நடிக்கிறான்டா!” என்றான் தீப்பெட்டிக்காரன். குச்சியை உரசியே விட்டான். நல்லவேளை, காற்று அணைத்தது.

அப்போது எனக்குத்தான் தோன்றியது. யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை. “வாத்தியாரே, பேசச் சொல்லாதீங்க. தாத்தா ஏர் ஓட்டசொல்ல மாட்டை எப்பிடி அதட்டுவாரு, அதைக் கேளுங்க!” என்று கத்தினேன்.

வாத்தியார் கேட்டார்.  கிழவர் இரண்டு கையையும் முன்னால் நீட்டி, இல்லாத கயிற்றை இறுக்கிப் பிடித்து, அடிவயிற்றிலிருந்து “ஹ்யூ...” என்று இழுத்தார். இடது கை தானாகப் பின்னால் வந்தது. “ஹொட்!” வலது கை. நாக்கைச் சொடுக்கினார். கண்ணில் தண்ணீர் கொட்டியது, அதட்டலை மட்டும் நிறுத்தவில்லை. அதற்குப் பிறகு சரம்சரமாக அந்த பாஷை வந்தது. அவர்கள் ஊரில் ஏர் இழுப்பது குதிரையாம்; அதைத் திட்டினாரோ கடவுளைக் கூப்பிட்டாரோ, வாத்தியாருக்கே தெரியவில்லை.

பெரியவர் கிட்டே போய்க் கிழவரின் கையைத் திருப்பி உள்ளங்கையைப் பார்த்தார்.

“டேய், ஆபீசரு இல்லடா இவன். ஏரு புடிச்ச கை. வைக்கோலை எடுங்கடா, மாடு துன்றதைக் கொண்டாந்து வீணடிக்கிறீங்க.”

கல்லறை அந்தப் பெரியவர் கொல்லையில்தான் இருந்தது. பாதிரி மேடு என்று சொல்லி அதைச் சுற்றி உழுதுகொண்டிருந்தார்கள். கல் குப்புறக் கிடந்தது. புரட்டினால் எழுத்து அப்படியே இருந்தது. கிழவர் மண்டிபோட்டு அதன் மேல் இரண்டு கையையும் வைத்துக்கொண்டு வெகுநேரம் இருந்தார். யாரும் அவரை அவசரப்படுத்தவில்லை.

ஆனாலும் டேப்பை எடுத்ததும் மறுபடி எல்லார் முகமும் இறுகியது. அந்த அம்மாள் முன்னே வந்து, டேப்பின் ஒரு முனையைத் தானே வாங்கிக் கல்லின் மேல் அழுத்திப் பிடித்தாள். “இந்தக் கல்லோட நிக்கணும். ஒரு விரக்கடை தாண்டிச்சின்னா இத்தோட உன் கழுத்தைச் சுத்திடுவேன் மேஸ்திரி.” நான் அளந்து முடிக்கும்வரை அவள் விரல் நகரவில்லை. அடுத்த வாரம் கல் இறக்கினேன். கட்டி முடிக்கிற வரைக்கும் எனக்குக் கூழ் ஊற்றியவளும் அவள்தான். கிழவர் கப்பலேறினார். பிறகு எல்லை முடிவானபோது அந்த ஊர் ஆந்திராவுக்கே வந்தது. என்னுடைய கட்டு அசையாமல் நிற்கிறது.

இப்போது மிஷன் சபையில் ஒரு வரலாற்று மலர் போட்டிருக்கிறார்கள். என் பேத்தி வாசித்துக் காட்டினாள். ஜெர்மனியிலிருந்து கடல் கடந்த குடும்பங்கள், இங்கே வந்த பாதிரிமார்கள், எல்லாம் விவரமாக இருக்கிறது. அந்த நாளும் இருக்கிறது. கலகக் கூட்டத்தை வாத்தியார் தம்முடைய மொழிப்புலமையால் அமைதிப்படுத்தினாராம். “உள்ளூர் ஓட்டுநர் ஒருவர் வாகனம் ஓட்டி உதவினார்.” அவ்வளவுதான் நான்.

வாத்தியார் நல்ல மனுஷர். அவர் பேரை எடுக்கச் சொல்லவில்லை. அவர் மொழிபெயர்த்தார், அதைப் போடுங்கள். ஆனால் சாவியைக் கொடுத்தவன் நான். கதையைச் சொன்னவன் நான். ஏர் ஓட்டுகிற அதட்டலைக் கேட்கச் சொன்னவன் நான். கல்கட்டு எழுப்பினவனும் நான். மலரை இன்னொரு தடவை அச்சடிக்கப் போவதாகச் சொல்கிறார்கள். அதில் இந்த நாலையும் எழுதி, பக்கத்தில் என் பேரை முழுசாக, இனிஷியலோடு, போட வேண்டும்.