கங்கு இருந்த இடம்

பாத்திரம் துலக்குவது முனீஸின் வேலையாகிப் பதினோரு மாதம் ஆகிறது. லைன் வீட்டுப் பொதுக்குழாயடியில் காலை ஏழு மணிக்குக் குத்தவைத்து, நாற்பத்தொன்பது வயதுக் கட்டிங் மாஸ்டர் குழம்புச் சட்டியைத் தேய்ப்பதைப் பார்த்து அங்கே வரும் பெண்கள் இப்போது சிரிப்பதில்லை. பக்கத்து வீட்டு ஒச்சம்மாள் மட்டும் விடமாட்டாள்.

“மாஸ்டரே, துணி வெட்டுற வேகத்துல தேய்க்கிறீக. ஓட்ட விழுந்துரப் போகுது.”

“விழுந்தா உங்க வீட்டுச் சட்டிய எடுத்துக்கிறேன். சும்மாதான கெடக்கு.”

மனைவி விஜயராணி மஞ்சள் காமாலை முற்றிப் போய்ச் சேர்ந்ததிலிருந்து மகள் பூங்குழலி பனியன் கம்பெனி வேலைக்குப் போவதில்லை, பேசுவதுமில்லை. பத்தொன்பது வயது. தட்டை வைத்தால் ஒரு தோசை தின்பாள். வைக்காவிட்டால் கேட்கமாட்டாள். டாக்டர் மாத்திரை எழுதிவிட்டு, “எதைப் பத்தியாவது பேச ஆரம்பிச்சா தடுக்காதீங்க” என்றார்.

அவள் பேச ஆரம்பித்தது இல்லாத ஓர் உலகத்தைப் பற்றி. அங்கே சூரியன் கிடையாது. வானத்தில் நகராமல் நிற்கிற ஒரே ஒரு சிவப்பு நட்சத்திரம்தான். அதன் பெயர் கங்கு. கங்குப் பக்கம், கங்குக்கு எதிர்ப்பக்கம் என்று அந்த உலகத்துக்கு இரண்டே திசை. உப்புக்காடு, ஏழாகப் பிரிகிற ஆறு, யாரும் விலை பேசாத சந்தை எல்லாவற்றையும் பென்சிலால் வரைந்தாள். கங்குக்கு மட்டும் சிவப்பு ஸ்கெட்ச் பேனா. விஜயராணி அதில் ஒரு சின்னப் புள்ளி. வாரத்துக்கு இரண்டு விரற்கடை கங்குப் பக்கமாக நகர்வாள்.

வரைந்தது மார்க்கர் பேப்பரின் பின்பக்கத்தில். துணி அடுக்கின் மேல் விரித்து வெட்டுவதற்காக, பனியனின் பாகங்களை அச்சடித்த நீளக் காகிதம் அது. நின்றுபோன ஓர் ஆர்டரின் மார்க்கர் இரண்டு பிரதி வீட்டில் இருந்தது. ஒன்றை முனீஸ்தான் மகளிடம் கொடுத்தார். மற்றது பரணில் கிடந்தது.

முதலில் அவருக்குப் பயமாகத்தான் இருந்தது. பிறகு வேலை விட்டு வந்ததும் அவரே கேட்கத் தொடங்கினார்.

“அம்மா எதுவரைக்கும் வந்துருக்கா?”

“ஆத்தத் தாண்டிட்டாப்பா. கால் வலிக்குதாம். கங்குக்குக் கீழ போயிட்டா உக்காந்துக்குவா.”

அன்றைக்கு அவள் இரண்டாவது தோசை கேட்டாள்.

செவ்வாய்க்கிழமை முதலாளி மகுடேஸ்வரன் போன் செய்தார். “மாஸ்டருங்க, அந்த நேவி புளூ ஆர்டர் திரும்ப வந்துருச்சுங்க. மார்க்கர் இருக்குதுங்களா, புதுசா அடிக்கோணுங்களா?”

“வீட்லயே இருக்கு மொதலாளி. நாளைக்குக் கொண்டாந்துர்றேன்.”

மறுநாள் பாத்திரத்தைக் கவிழ்த்த ஈரக்கையோடு பரணில் துழாவிச் சுருளை எடுத்தார். மகள் தன் சுருளையும் அங்கேதான் வைப்பாள் என்பது அவசரத்தில் உறைக்கவில்லை. கம்பெனி மேஜையில், துணி அடுக்கின் மேல், அச்சுப் பக்கம் மேலே இருக்க விரித்தார். ஒரு கழுத்து வளைவுக்குள் சிவப்பாக ஒரு பொட்டு ஊறித் தெரிந்தது. கழுத்தை ஆழமாக்கச் சொன்ன நாளில் தானே வைத்த அடையாளம் என்று நினைத்தார். இருபத்தாறு வருட அனுபவம், சந்தேகமே வரவில்லை. பொட்டு வெளியே விழும்படி அழகாக மெஷினை வளைத்தார்.

பண்டல் கட்டும்போது மேலிருந்த காகிதம் ஒன்று புரண்டது. கைப் பாகத்தின் பின்னால் பாதி ஆறு ஓடியது.

கழுத்தில் விழுந்த வேஸ்ட்டை அதற்குள் கூட்டி மூட்டை கட்டி அனுப்பிவிட்டார்கள்.

“வண்டி இப்பத்தானுங்க போச்சு,” என்றார் மகுடேஸ்வரன். “என்னுங்க, மோதிரம் ஏதும் விழுந்துருச்சுங்களா?”

“ஒரு பேப்பரு மொதலாளி.”

“பேப்பருக்கா இப்படி வேர்த்து ஊத்துது?”

சொன்னால் எங்கிருந்து தொடங்குவது? முனீஸ் வண்டியை முறுக்கிக்கொண்டு மங்கலத்தில் இருக்கிற வேஸ்ட் குடோனுக்குப் போனார். கலர் பிரித்துக்கொண்டிருந்த ராமாயி, நேவி புளூக் குவியலைக் காட்டினாள்.

“அந்த மலைதானுங்க. தேடுறது எப்படி இருக்குமுங்க?”

“பிறை மாதிரி வெட்டுன காயிதம். நடுவுல செவப்பா ஒரு நட்சத்திரம்.”

ராமாயி அவர் முகத்தைப் பார்த்தாள். தானும் உட்கார்ந்து தேடினாள். நாலு மணி வரைக்கும் பிறைகள் கிடைத்தன. எல்லாம் வெள்ளை. கிடைத்ததையெல்லாம் பையில் திணித்துக்கொண்டார். “நாளைக்கும் பார்த்து வெக்கிறனுங்க சாமி,” என்றாள், நம்பிக்கையில்லாமல்.

கம்பெனிக்குத் திரும்பி, பண்டல் பண்டலாக மேல் காகிதத்தை உருவிக்கொண்டு, அது இருந்த இடத்தில் நம்பர் எழுதிய துண்டுக் காகிதம் ஒட்டினார். சாயங்காலம் வீட்டுத் தரையில் அத்தனையையும் பரப்பி செல்லோ டேப் போட்டுச் சேர்த்தார். கைகள், முதுகுகள், நெஞ்சுகள் என்று உலகம் கூடி வந்தது. ஒரே ஒரு பிறை குறைந்தது. வேறு காகிதத்தில் அளவெடுத்து வெட்டி, சிவப்புப் பென்சிலால் ஐந்து முனை போட்டு ஒட்டினார். தட்டில் இரண்டு தோசை ஆறிக்கொண்டிருந்தது.

பூங்குழலி சுவரோரமாக உட்கார்ந்து எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தாள். மெல்ல நகர்ந்து வந்து, ஆற்றிலிருந்து புள்ளிக்கும், புள்ளியிலிருந்து நட்சத்திரத்துக்கும் விரலை ஓட்டினாள். விரல் டேப்பில் தட்டி நின்றது.

“இத யாரு வச்சது?”

“நான்தான்த்தா. அதே எடத்துலதான வச்சிருக்கேன்?”

“பழசு?”

பொய் ஒன்று நாக்கு வரைக்கும் வந்தது. “வெட்டிட்டேன்,” என்றார். “தெரியாம வெட்டிட்டேன்த்தா. குடோன் வரைக்கும் போயித் தேடிட்டேன்.”

அவள் தலையாட்டினாள். கோபமாக இருந்தாலாவது தேவலை என்றிருந்தது அவருக்கு.

“காலையிலருந்து அது இல்லையேப்பா. இவ்வளவு நேரம் அம்மா எந்தப் பக்கம் நடந்துருப்பா?”

முனீஸ் புள்ளியையே பார்த்தார். விரலில் ஒட்டிக்கொண்ட டேப்பைப் பிய்த்தார். அது அடுத்த விரலில் ஒட்டியது. பூங்குழலி எழுந்து, தொடாத தோசைத் தட்டை அப்படியே எடுத்துக்கொண்டு, படத்தின் மேல் கால் படாமல் சுவரோரமாகச் சுற்றி, குழாயடிக்குப் போனாள்.