ஜெயராஜ் வாங்கிய கிரேன்

பக்கவாதத்தில் ஜெயராஜுக்கு வலது கை விழுந்த பிறகு அந்த வீட்டுக்கு நான் போக ஆரம்பித்தேன். விழுந்தது என்றால் அடியோடு இல்லை. தோள் அசையும், முழங்கை பாதி மடங்கும். விரல்கள் மட்டும் உள்ளே சுருண்டுகொண்டு திறக்க மறுத்தன. பேச்சு கொஞ்சம் குழறியது. ஆனால் மற்றவர்களைத் திட்டுவதற்கு அந்தப் பேச்சு போதுமானதாக இருந்தது.

என் வேலை இதுதான். வீட்டு நர்சிங் பயிற்சி எடுத்தவள். பொன்னேரியில் காலை ரயில் ஏறிக் கும்மிடிப்பூண்டியில் இறங்கி, அவரைக் குளிக்கவைத்து, மாத்திரை கொடுத்து, கை காலுக்குப் பயிற்சி கொடுத்துவிட்டு மாலையில் திரும்புவேன். வீட்டில் ஜெயராஜ், மனைவி ஞானம்மா, மகன் இம்மானுவேல் மூன்று பேர்தான். இம்மானுவேல் சிப்காட்டில் கார் பாகம் செய்யும் கம்பெனியில் ஷிப்டுக்குப் போகிறவன்.

ஆரம்பத்தில் வந்து பார்த்த பிசியோதெரபி டாக்டர் தெளிவாகச் சொல்லிவிட்டுப் போனார். இந்தச் சில மாதங்களில் கையை வேலை வாங்கினால் விரல் திறக்கும். விட்டுவிட்டால் அப்படியே இறுகிவிடும், அப்புறம் யாராலும் ஒன்றும் செய்ய முடியாது. பிடித்து அமுக்க ஒரு மஞ்சள் ரப்பர் பந்தும் கொடுத்தார். ஜெயராஜ் அதை இடது கையால் எடுத்து ஜன்னல் வழியாகத் தெருவில் எறிந்தார். நான் போய் எடுத்து வந்தேன். மறுநாளும் எறிந்தார். பிடிவாதக்காரர்களை நிறையப் பார்த்திருக்கிறேன், இவ்வளவு குறி தப்பாமல் எறிகிறவரைப் பார்த்ததில்லை.

அவர் அப்பா அம்மா இரண்டு பேரும் பொன்னேரிப் பக்கம் அடுத்தவர் நிலத்தில் நாற்று நட்டவர்கள். இவர் இரும்பு மில்லில் லோடு ஏற்றும் கூலியாகச் சேர்ந்தார். ஒருநாள் கிரேன் ஓட்டுகிறவர் வரவில்லை. வேடிக்கை பார்த்தே கற்றுக்கொண்டிருந்த ஜெயராஜ் ஏணியில் ஏறி மேலே கேபினில் உட்கார்ந்தார். அதற்குப் பிறகு பக்கவாதம் வந்த நாள்வரை அவர் இடம் அதுதான். கீழே உலை அனல், தலைக்கு மேல் தகரக் கூரை, நடுவில் இவர். இடது கை கிரேனை நகர்த்தும், வலது கை லோடை ஏற்றி இறக்கும். ஒன்றுக்குப் போக ஏணி இறங்க வேண்டும் என்பதற்காக ஷிப்ட் முழுக்கத் தண்ணீரே குடிக்க மாட்டாராம். பிரஷர் மாத்திரையையும் அதே காரணத்துக்காக விட்டிருக்கிறார். அதைப் பெருமையாக வேறு சொன்னார். அன்றைக்கு எனக்கு வந்த கோபத்தில் ஒரு சொம்புத் தண்ணீரை முழுக்கக் குடிக்கவைத்துவிட்டுத்தான் உட்கார்ந்தேன்.

பந்து வேலைக்கு ஆகவில்லை என்றதும் இம்மானுவேல்தான் ஒரு யோசனை கொண்டுவந்தான். கம்ப்யூட்டரில் கிரேன் ஓட்டும் கேம் இருக்கிறதாம். பழைய கம்ப்யூட்டர் ஒன்றையும், லீவர் மாதிரிப் பிடித்து ஆட்டுகிற ஜாய்ஸ்டிக் ஒன்றையும் வாங்கிவந்தான். கேமுக்குப் பணத்தை ஆன்லைனில் கட்டினான். ஜெயராஜ் படத்தைப் பார்த்தார். மறுப்புச் சொல்லவில்லை.

"கேம் வரட்டும். அப்பால கையை அசைக்கிறேன்" என்றார்.

ஞானம்மா இரண்டு நாள் தெருவாசலில் கூரியர்காரரை எதிர்பார்த்துக்கொண்டிருந்தாள்.

"துட்டு குட்தாச்சு. பொருள் எங்கடா?"

"பொருள் வராதும்மா. நெட்டு வழியா இதுக்குள்ளயே எறங்கும்."

"கடைக்காரன் எந்த ஊர்ல கீறான்?"

"கடையே இல்லம்மா."

"கடையே இல்லாதவன்கிட்ட துட்டு குட்தியா?" என்று கேட்டுவிட்டு என்னைப் பார்த்தாள். எனக்கும் அந்தக் கேள்வி நியாயமாகத்தான் பட்டது.

கேம் இறங்க ஆரம்பித்தது. திரையில் ஒரு கோடு, அதற்குள் நீலம் நிரம்ப வேண்டும். கேபிள்காரர் கொடுத்த இணைய இணைப்பில் அது நத்தை மாதிரி நகர்ந்தது. மறுநாள் காலை நான் போனால் கம்ப்யூட்டர் அணைந்து கிடந்தது. போட்டால் விட்ட இடத்திலிருந்து தொடரவில்லை. சரிபார்க்கிறேன் என்று பாதி நாள் ஓடியது. அப்புறம் ஏதோ கெட்டுவிட்டது என்று இறங்கியதில் பாதியை அதுவே அழித்துவிட்டு மறுபடி தொடங்கியது. அடுத்த முறை இன்னும் மோசம். நீங்கள் யார் என்று கேட்டது. உங்கள் போனுக்கு ஒரு எண் அனுப்பியிருக்கிறோம், அதைப் போடுங்கள் என்றது.

அந்த வீட்டில் கேஸ், ரேஷன், பேங்க், ஆஸ்பத்திரி எல்லாவற்றுக்கும் கொடுத்திருப்பது இம்மானுவேலின் நம்பர்தான். கேமுக்கும் அதுதான். இம்மானுவேலின் கம்பெனியிலோ உள்ளே போகும்போது கேட்டிலேயே போனை வாங்கிப் பெட்டியில் போட்டுப் பூட்டிவிடுவார்கள். ஷிப்ட் முடிந்துதான் கைக்கு வரும். எண் வந்தது பெட்டிக்குள். கொஞ்ச நேரத்தில் அது செல்லாமலும் போய்விட்டது. மறுபடி கேட்டோம், மறுபடி பெட்டிக்குள் போனது.

"கேட்டாண்ட நம்ம மோகன்ராஜுதான் வாட்ச்மேன். சொன்னா பாத்து சொல்லுவாரு" என்று ஞானம்மா அவருக்குப் போன் போட்டாள்.

"ஓடிபிய யாருக்கும் சொல்லாதன்னு டெய்லி போன்ல கத்துறானுங்க. நீ என்னையே சொல்லச் சொல்றியேக்கா" என்றார் மோகன்ராஜ். "பெட்டிய தொறந்தா என் வேலை பூடும். இன்னாத்துக்கு இவ்ளோ அவசரம், யாருக்கு இன்னா ஆச்சு?"

"கிரேன் எறங்கணும்" என்றாள் ஞானம்மா.

 மோகன்ராஜ் போனை வைத்துவிட்டார்.

சாயங்காலம் செய்யலாம் என்றால், ஓவர்டைம் முடித்து வீடு திரும்பும் இம்மானுவேல் சோற்றுத் தட்டின் முன்பே தூங்கி விழுவான். ஒருவழியாக ஞாயிற்றுக்கிழமை சர்ச்சுக்குப் போய்வந்த பிறகு கணக்கை அம்மாவின் நம்பருக்கு மாற்றிவிட்டான். இனித் தொல்லை இல்லை என்று நினைத்தோம். திங்கட்கிழமை கோடு முக்கால்வாசி நிரம்பியது. செவ்வாய்க்கிழமை கம்ப்யூட்டர் அணைந்து கிடந்தது.

இம்மானுவேல் அம்மாவைப் பிடித்துக்கொண்டான். ஞானம்மாவுக்கு எந்த அறையைவிட்டு வெளியே வந்தாலும் சுவிட்சை அணைக்கும் பழக்கம். மில்கள் ஓடும் ஊரில் கரண்ட் ஏறி இறங்கி டிவி ஒன்று புகைந்துபோன வீடு அது.

"நீதாம்மா ஆஃப் பண்ற. ஊட்ல வேற யாரு கீறாங்க?"

"சத்தியம் பண்ணக் கூடாதுன்னு பாஸ்டர் சொல்லிக்கீறாரு. இல்லாங்காட்டி இப்பவே பண்ணுவேன்."

"இன்னாமே, பழக்கத்துல அமுக்கியிருப்பே. உடு" என்றார் ஜெயராஜ், கட்டிலில் இருந்து, பெரிய மனதோடு.

இதற்கிடையில் நாட்கள் போய்க்கொண்டே இருந்தன. காலையில் கையை எடுத்து மடியில் வைத்தால், "கேம் வரட்டும்க்கா" என்பார். எண்ணெய் தடவி நானே விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்துவிடுவேன். விட்டதும் மூடிக்கொள்ளும். முன்பைவிடக் கொஞ்சம் இறுக்கமாக மூடுவதாக எனக்குப் பட்டது. அந்தக் கம்ப்யூட்டரைத் தூக்கி ரயில் பாதையில் வைக்கலாமா என்றுகூட யோசித்தேன்.

கடைசியில் என் பையிலிருந்த பிளாஸ்திரியை வெட்டிக் கம்ப்யூட்டர் சுவிட்சின் மேல் குறுக்கே ஒட்டினேன். "இதைப் பாத்தா ஞாபகம் வரும்" என்றேன் ஞானம்மாவிடம். மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொண்டு அடுப்படிக்குப் போய்விட்டாள்.

மறுநாள் காலை கம்ப்யூட்டர் அணைந்துதான் கிடந்தது. பிளாஸ்திரி அப்படியே இருந்தது. ஆனால் அதன் வெள்ளையின் நடுவில் கறுப்பாக, வட்டமாக ஒரு கறை. ஞானம்மாவின் விரல் அவ்வளவு பெரிதில்லை. கட்டில் ஓரம் சாய்த்துவைத்திருந்த ஜெயராஜின் கைத்தடியை எடுத்துத் தலைகீழாகத் திருப்பினேன். அடியில் வழுக்காமல் இருக்க மாட்டிய கறுப்பு ரப்பர் மூடி. சுவிட்சில் வைத்துப் பார்த்தேன். அச்சாகப் பொருந்தியது.

"ஜெயராஜு, இது இன்னா?"

"பிளாஸ்திரி."

"பிளாஸ்திரி மேல?"

மின்விசிறியைப் பார்த்தார். "கேபினை உட்டு எறங்கும்போது மெயினை ஆஃப் பண்ணிட்டுத்தான் எறங்கணும். அது ரூலு. கை பழகிப்போச்சு."

"நீ எந்தக் கேபின்லேந்து எறங்கினே? கட்டில்லேந்து கக்கூஸுக்குப் போனே."

ஞானம்மா கரண்டியோடு வாசற்படியில் நின்று கேட்டுக்கொண்டிருந்தாள். "எத்தினி நாளா என்னை ஊடே திட்டிகினு இருந்துது. அப்பவும் நீ கட்டில்ல படுத்துகினு 'உடு, உடு'ன்னு எனக்கு ஞாயம் பேசினே" என்றாள்.  கைத்தடியை என்னிடமிருந்து வாங்கிக்கொண்டு போய் அடுப்படியில் வைத்துவிட்டாள்.

நான் நாற்காலியை இழுத்துப்போட்டு அவர் எதிரில் உட்கார்ந்தேன். அணைப்பது பழக்கமாகவே இருக்கட்டும். அடுத்தவள் தலையில் பழி விழும்போது வாயை மூடிக்கொண்டிருப்பது எந்த மில்லின் ரூல் என்று கேட்டேன்.

சுருண்ட விரல்களைப் பார்த்துக்கொண்டே சொன்னார். "அது வந்துட்டா உக்காரணும்க்கா. உக்காந்து, கை வரலேன்னா?"

இதுதான் விஷயம். பந்து அமுக்க வரவில்லை என்றால் பந்தைத் திட்டலாம். கிரேன் ஓட்ட வரவில்லை என்றால் யாரைத் திட்டுவது?

"வரலேன்னா வரல. அப்ப அது தெரிஞ்சுபோயிடும்" என்றேன். "இப்ப தெரியாமயே உன் விரல் இறுகிக்கினு கீது. எது தேவலை, நீயே சொல்லு."

 பதிலுக்காக நான் காத்திருக்கவில்லை. கம்ப்யூட்டரைப் போட்டேன். கைத்தடி அடுப்படியிலேயே இருந்தது. அவர் எழுந்து போக வேண்டுமானால் ஞானம்மாவோ நானோ பிடித்துக்கொண்டோம். கோடு நிரம்பியது. அதற்குப் பிறகும் அதையும் இதையும் இறக்க வேண்டும் என்றது, மறுபடி தொடங்கச் சொன்னது, எதற்கோ சம்மதமா என்று பக்கம் பக்கமாகக் கேட்டது. ஞானம்மா எல்லாவற்றுக்கும் சம்மதம் சொன்னாள். திரையில் ஒரு மஞ்சள் கிரேன் வந்து நின்றது.

ஜெயராஜ் ஜாய்ஸ்டிக்கை இடது கையால் பிடித்தார்.

எனக்கு வந்த எரிச்சலை எழுத முடியாது. இத்தனை பாடும் பட்டு வாங்கிய சாமானை நல்ல கையால் ஓட்டுவதற்கா? டாக்டருக்குப் போன் செய்து கேட்டேன். கொஞ்ச நேரத்துக்கு நல்ல கையைக் கட்டிவைப்பது தப்பில்லை, கூடவே இருந்து பார்த்துக்கொள்ளுங்கள் என்றார். துண்டை எடுத்து இடது கையை நாற்காலிக் கையோடு தளர்வாகக் கட்டினேன். வலது விரல்களைப் பிரித்து ஜாய்ஸ்டிக்கில் வைத்தேன். அவர் என்னைத் திட்டியதை இங்கே எழுதுவதற்கில்லை.

லோடு ஆடியது. லாரியின் பக்கவாட்டில் போய் மோதியது. திரை சிவப்பானது, மறுபடி தொடங்கு என்றது. மறுபடி மோதியது.

"லோடு எறங்கும்போது டிரைவர் இன்னாத்துக்கு உள்ளயே குந்திகினு கீறான்? எறங்கி நிக்கணும்னு தெரியாதா அவனுக்கு?"

"அவனைக் காப்பாத்தணும்னா ஒழுங்கா எறக்கு" என்றேன்.

கையால் முடியாததைத் தோளால் இழுத்தார். நெற்றியில் வேர்த்தது. எத்தனை தடவை லாரியை இடித்தார் என்று நான் எண்ணவில்லை. கடைசியில் ஒரு லோடு கோணலாக, முனை வெளியே நீட்டிக்கொண்டு லாரியில் போய் உட்கார்ந்தது. மில்லில் எவனாவது இப்படி வைத்திருந்தால் நானே அவனை அடித்திருப்பேன் என்றார். துண்டை அவிழ்த்தேன். ஜாய்ஸ்டிக்கிலிருந்து வலது கையை எடுக்கப் போனபோது, நான் தொடும் முன்பே ஆள்காட்டி விரல் தானாக நகர்ந்து பிடியை விட்டது. பார்த்தேன். அவரிடம் சொல்லவில்லை. சொன்னால் இது போதும் என்று படுத்துவிடுவார்.

கைத்தடியைக் கேட்டார். ஞானம்மா யோசித்தாள், பிறகு கொண்டுவந்து கொடுத்தாள். நான் தண்ணீர் எடுக்கத் திரும்பினேன். டப்பென்று சத்தம். கம்ப்யூட்டர் அணைந்தது.

"இன்னாங்க" என்றாள் ஞானம்மா.

ஜெயராஜ் தடியைப் பார்த்தார், சுவிட்சைப் பார்த்தார். "எறங்கினேன்ல" என்றார். இந்தத் தடவை அவர் முகத்தைப் பார்த்தாலே தெரிந்தது, வேண்டுமென்று செய்யவில்லை.

மறுநாள் காலை நான் போனபோது திரை மறுபடி எதையோ சரிபார்த்துக்கொண்டிருந்தது. அவர் நாஷ்டாவை முடித்துவிட்டு நாற்காலியில் தயாராக உட்கார்ந்திருந்தார். துண்டு மடியில் கிடந்தது.

"இது எப்பக்கா முடியும்?"

"சுவிட்சை அமுக்கினவரைக் கேளு" என்றேன். மஞ்சள் பந்தை எடுத்து அவர் வலது உள்ளங்கையில் திணித்தேன். "அது முடியிறவரைக்கும் இதை அமுக்கு."

கோட்டைப் பார்த்தார். ஜன்னலைப் பார்த்தார். அப்புறம், என்னைத் திட்டிக்கொண்டே, அமுக்கினார்.