ஒட்மார் ப்ளாஷெக்கின் தொப்பி

வியன்னா ஸ்டுடியோக்களில் முகங்களுக்குப் பவுடர் அடித்தே காலம் தள்ளியவள் நான். எத்தனையோ கதாநாயகர்களின் முகம் மறந்துவிட்டது. ஒட்மார் ப்ளாஷெக்கின் முகம் மட்டும் விரலில் ஒட்டிக்கொண்டிருக்கிறது. சுவரொட்டியில் அவர் பெயரைத் தேடத்தான் வேண்டும். ஆனால் டிராமில் ஏறினால் போதும், ஏறியவுடனே நாலு பேர் சிரிப்பார்கள்.

ஹோட்டல் சிப்பந்தி, தபால்காரர், கோர்ட் சேவகர், எந்த வேடமானாலும் அவருக்கு ஒரே வேலை, கெட்ட செய்தி கொண்டுவருவது. மாப்பிள்ளை ஓடிவிட்டான், பந்தயக் குதிரை செத்துவிட்டது என்று எதையாவது சொல்ல வருவார். சொல்வதற்கு முன் தொப்பியை இரண்டு கையாலும் மெதுவாகக் கழற்றுவார். எங்கே வைப்பதென்று தெரியாமல் வயிற்றோடு அணைத்துக்கொள்வார். அவ்வளவுதான், கொட்டகை அதிரும்.

அவர் மனைவி ஹெட்விக் மட்டும் சிரித்ததே இல்லை. ஒவ்வொரு படத்தின் முதல் காட்சிக்கும் வந்து, கைப்பையை இறுகப் பிடித்தபடி உட்கார்ந்திருப்பாள்.

"கட்டின பொண்டாட்டியைச் சிரிக்க வைக்க முடியல, நானெல்லாம் ஒரு காமெடியன்!" என்று என் மேக்கப் நாற்காலியில் உட்கார்ந்து புலம்புவார். விளையாட்டாகச் சொன்னாலும் அது அவரை அரித்துக்கொண்டே இருந்தது.

தலை நரைத்த பிறகு ஒரு கனமான வேடம் கிடைத்தது. போர் முடிந்தும் ரஷ்யச் சிறையிலிருந்து திரும்பாத கணவனுக்காகத் தினமும் ரயிலடிக்கு வரும் ஒரு பெண். அவன் இறந்துவிட்டான் என்று அவளிடம் சொல்ல வேண்டிய ஸ்டேஷன் சிப்பந்தி இவர்.

"இந்த ஒரு தடவை ஜனங்க சிரிக்காம இருந்தா போதும்மா. அப்புறம் சாகுறவரைக்கும் கோமாளியாவே இருந்துட்டுப் போறேன்" என்றார்.

டைரக்டர் ருட்லோஃப் ம்யூனிக்காரன், சின்ன வயசு. "சார், தொப்பியைத் தொடாதீங்க. தொட்டா சிரிச்சுடுவாங்க" என்றான்.

"தலையில தொப்பியோட சாவுச் சேதி சொல்லவா? எங்க ஊர்ல நாய்கூட மதிக்காது."

"உங்க ஊர்தான் சார் சிரிக்கப்போகுது!"

சரியென்று தலையாட்டினார். காமிரா ஓடியதும் கை தானாகத் தொப்பிக்குப் போய்விட்டது. எதிரே நின்ற நடிகை நிஜமாகவே அழுதுவிட்டாள், நானும் அழுதேன். ருட்லோஃபுக்கு அதை வெட்ட மனம் வரவில்லை.

முதல் காட்சியன்று மூன்றாவது வரிசையில் அவர், ஹெட்விக், பக்கத்தில் நான். திரையில் அவர் தொப்பியைக் கழற்றினார். அரங்கமே வெடித்துச் சிரித்தது. அவர் பேசியது ஒன்றும் கேட்கவில்லை, அந்தப் பெண்ணின் அழுகையும் கேட்கவில்லை. முன்வரிசைக்காரனின் கழுத்தை நெரிக்கலாம் போல இருந்தது எனக்கு.

படம் முடிந்ததும் நடிகர்கள் மேடையேறி வணங்குவது வழக்கம். பெயர் சொல்லிக் கூப்பிட்டார்கள். அவர் மடியிலிருந்த தொப்பியைப் பிடித்தபடி அசையாமல் இருந்தார். "நான் போகல ஹெடி. அவங்க சிரிச்சுட்டாங்க."

"நான் எப்பவாவது சிரிச்சேனா?"

"நீ எதுக்குத்தான் சிரிச்சே?"

"எப்படிச் சிரிப்பேன், ஒட்மார்? நீ தொப்பியைக் கழட்டுறப்பல்லாம் கைப்பையை இறுகப் பிடிச்சுக்குவேன். ஐயோ, இதை இந்த மனுஷன் எப்படிச் சொல்லப்போறாரோன்னு. குதிரை செத்ததுக்கும் அப்படித்தான் பிடிச்சுக்கிட்டேன்."

அவர் அவளையே பார்த்தார். பிறகு தொப்பியை அவள் மடியில் வைத்துவிட்டு வெறுந்தலையோடு மேடையேறினார். கூட்டம் மறுபடியும் சிரித்தது. அவர் மூன்றாவது வரிசையைப் பார்த்துக் குனிந்து வணங்கினார். ஹெட்விக் அந்தத் தொப்பியை எங்கே வைப்பதென்று தெரியாமல் வயிற்றோடு அணைத்துக்கொண்டிருந்தாள்.