நண்டுக் காலும் சிவப்புப் பொத்தானும்

போன கிழமை மகளோடு இருந்து ஓர் ஒற்றர் படம் பார்த்தேன். வெளியில் பனி கொட்டிக்கொண்டிருந்தது. சுவிசில் இந்த மாதத்தில் வேறு என்னதான் செய்கிறது. படத்தில் வருகிற மனிதர், ரோட்டில் நாய் படுத்திருந்தால் தான் சுற்றிப் போகிற வகை. அவருடைய தங்கையை யாரோ கொன்றுவிடுகிறார்கள். மனிதர் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு பழிவாங்கப் புறப்பட்டுவிடுகிறார். மகளுக்குப் பொறுக்கவில்லை.

"அம்மா, இதென்ன கதை? இந்த மனுசனுக்கு ஓடவே தெரியேல்லை."

"எனக்கு ஒரு ஒற்றரைத் தெரியும். அவவுக்கு நடக்கவே ஏலாது" என்றேன்.

அவள் படத்தை நிறுத்திவிட்டு என்னைத் திரும்பிப் பார்த்தாள். அதற்குப் பிறகு படம் எங்கே பார்த்தது. பரமேசு மாமியின் கதை தொடங்கிவிட்டது.

மாமி, அப்பாவின் அக்கா. புங்குடுதீவில் எங்கள் வளவுக்கும் மாமி வளவுக்கும் நடுவில் ஒரு வேலி, வேலியில் ஒரு பொட்டு. நாங்கள் அந்த ஓட்டைக்குள்ளால் பூந்து போய் வருவோம். மாமி பெருத்த மனுசி, அவவால் அதற்குள்ளால் வர ஏலாது. கதைப்பது பொட்டுக்குள்ளால், வருவது ரோட்டால். மாமாவுக்குக் கொழும்பில் கடை. பிள்ளைகள் இல்லாதபடியால் அதட்டவும் சோறு தீத்தவும் மாமிக்கு நான்தான் கிடைத்தேன். அவவைப் பற்றி ஊருக்குத் தெரிந்த விசயங்கள் இரண்டு. நண்டுக் கறி வைத்தால் கையைக் கழுவ மனம் வராது. எந்தப் படத்துக்குக் கூட்டிப் போனாலும் எழுத்து ஓடி முடிய முதல் குறட்டை விடுவா.

படம் என்றதும் எனக்குப் பெற்றோல் மணம்தான் வருகிறது. இன்றைக்கும் காருக்கு எண்ணெய் அடிக்க இறங்கினால், சும்மா நின்ற நிலையில் படம் பார்க்கிற ஆசை வந்துவிடும். ஊரில் அப்போது கரண்ட் இல்லை. இரவில் வெளிச்சமும் சத்தமும் இருந்தால் ஆமிக்காரன் வந்து எட்டிப் பார்ப்பான். ஆகவே எங்கள் படமெல்லாம் பட்டப்பகலில்தான். ஜன்னலுக்குச் சாக்குக் கட்டி, கதவிடுக்குக்குள் பழஞ்சீலை அடைத்து, வெளியில் வெயில் எரிக்க நாங்கள் உள்ளே இருட்டில் வேர்த்து ஒழுகிக்கொண்டு இருப்போம். முற்றத்தில் ஜெனரேட்டர் குமுறும். கதாநாயகன் என்ன சொன்னான் என்று பாதி கேட்காது, பக்கத்தில் இருப்பவர் சொல்வதுதான் வசனம்.

அந்த ஜெனரேட்டரின் சொந்தக்காரர் சிவாண்ணை. லாண்ட்மாஸ்டர் உழவு மெசினின் பெட்டியில் டிவி, கசெற் ஓடுகிற டெக், ஜெனரேட்டர் எல்லாவற்றையும் மெத்தை விரித்துப் படுக்க வைத்து, கடலுக்கு நடுவால் போகிற தாம்போதி ரோட்டைக் கடந்து வேலணை வரைக்கும் போய்ப் படம் காட்டுவார். அதோடு கமராவும் வைத்திருந்தார். கலியாண வீடு, சாமத்திய வீடு எதுவானாலும் சிவாண்ணை வந்து கமராவைத் தோளில் தூக்கினால்தான் சபை நிறையும். கெட்ட மனுசன் இல்லை. தன்னை ஒரு கலைஞன் என்று நினைத்ததுதான் வருத்தம்.

நான் பெரியபிள்ளையாகி எனக்குச் சாமத்திய வீடு செய்தபோதும் அவர்தான் எடுத்தார். எடுத்தார் என்றா சொல்வது, என்னை வதைத்தார். சீலை ஒரு பாரம், மாலை ஒரு பாரம், முகத்தில் அப்பிய பவுடரோ ஒரு தனிப் பாரம். அதோடு என்னைப் பூவரச மரத்தடிக்குக் கொண்டுபோய் நிறுத்தி, கையில் ஒரு ரோசாப்பூவைத் தந்து, "மணந்து பாரும் பிள்ளை. கண்ணை மெல்ல மூடும். இப்ப மெல்லச் சிரியும்" என்றார். நானும் அறிவு கெட்டுப்போய் மணந்தேன், மூடினேன், சிரித்தேன். பிறகு எங்கேயோ கொண்டுபோய் வெட்டி ஒட்டினார். சூரியன் உதிக்கும், அதற்குள்ளிருந்து என் தலை உதிக்கும். ஒரு தாமரை விரியும், நடுவில் என் மூக்கு. மூக்கு கொஞ்சம் பெரிய மூக்கு, அதை நான் மறைக்கவில்லை.

அத்தோடு விட்டிருந்தால் நான் இந்தக் கதையைச் சொல்ல வேண்டி வந்திராது. சிவாண்ணை அந்தக் கசெற்றைத் தன் தொழிலுக்கு விளம்பரமாக்கினார். எந்த வீட்டில் எந்தப் படம் ஓடினாலும் முதலில் என் சாமத்திய வீடு. மாமி தண்ணி வார்க்கிறது, அம்மா ஆராத்தி எடுக்கிறது, நான் பூ மணக்கிறது, கடைசியில் பந்தியில் இருந்து மாமி வாய் நிறையப் பயற்றம் பணியாரம் மெல்லுகிறது. மாமியின் வாயை மட்டும் கிட்டக் கொண்டுபோய் அகலத் திரைக்குக் காட்டியிருந்தார். அது முடியத்தான் படம்.

பள்ளிக்கூடத்துப் பெடியளுக்கு வேறு என்ன வேணும். நான் சைக்கிளில் வருகிறேன் என்றால் வேலியோரம் நின்று ஆளுக்கொரு பூவரசம் பூவைப் பிடுங்கி மூக்கில் வைத்து, கண்ணை மெல்ல மூடி, மெல்லச் சிரிப்பார்கள். ஒரு நாள் வகுப்புக்குள் போனால் கரும்பலகையில் சூரியன், சூரியனுக்குள் ஒரு மூக்கு. அடுத்த நாள் நான் பள்ளிக்கூடம் போகவில்லை. அதற்கு அடுத்த நாளும் போகவில்லை. சோதனை வருகிற வருடம். அப்பா அதிகம் கதைக்கிற ஆள் இல்லை. "சரி, பிள்ளைக்கு விருப்பமில்லையெண்டா வீட்டிலை நிக்கட்டுமன்" என்றார். ஊரில் பெண்பிள்ளைகளின் படிப்பு அப்படித்தான் முடியும், சத்தமில்லாமல். எனக்குப் படிக்க ஆசை. கணக்குப் பாடம் என்றால் உயிர். ஆனால் அந்தப் பூக்களைத் தாண்டிப் போகத் துணிவு இல்லை. குசினிக்குள் அடுப்படியில் இருந்து அழுதேன்.

அம்மா சொல்லி அப்பா ஒருக்கால் சிவாண்ணையிடம் போனார். போனவர் தேத்தண்ணி குடித்துவிட்டுத் திரும்பி வந்தார். விசயம் என்னவென்றால், எங்களுக்குத் தருவதாகச் சொன்ன பிரதியைச் சிவாண்ணை இன்னும் தரவில்லை. "எடிற்றிங்கிலை சின்ன வேலை கிடக்கு அண்ணை" என்று கடத்திக்கொண்டே இருந்தார். உலகத்தில் இருந்தது அந்த ஒரு கசெற்தான். கோபித்தால் அதுவும் இல்லையென்று போய்விடும். அதோடு, இதை அப்பா கேட்கமாட்டார் என்பதால் சொல்கிறேன், அப்பா அந்தக் கசெற்றில் பட்டுவேட்டியோடு கம்பீரமாக நடந்து வருவார். அது ஊரெல்லாம் ஓடுவதில் அவருக்குக் கொஞ்சம் உள்ளூரச் சந்தோசம்.

இந்த நேரத்தில்தான் மாமி வீட்டில் அந்த வெள்ளைக்காரப் படம் ஓடியது. சிவாண்ணை தமிழ்ப் படம் கேட்டுக் கொழும்பிலிருந்து மாறி வந்தது. வந்ததைப் பார்ப்போம் என்று எல்லோரும் இருந்தோம். நான் விளம்பரம் முடியும் வரைக்கும் கிணற்றடியில் நின்றுவிட்டுப் பிறகு வந்து மாமிக்குப் பின்னால் ஒளிந்தேன். ஒளிய வசதியான ஆள். படத்தில் ஒரு கொழுத்த மனுசி. ஒற்றர் கந்தோரில் பெரியவர்களின் சேட்டுகளைத் தோய்த்து அயன் பண்ணுகிறவ. அவவின் மகனை ஒரு பெரியவர் காட்டிக்கொடுத்துக் கொல்லுவித்துவிடுகிறார். இவ துவக்குத் தூக்கவில்லை, ஓடவில்லை. சேட்டைக் கொடுக்கும்போதும் வாங்கும்போதும் நாலு கதை கேட்பா. எவனும் இவவை ஓர் ஆளாக மதிக்காததால் எல்லாவற்றையும் சொல்வான். அதைக் கொண்டே கடைசியில் அந்தப் பெரியவரை விழுத்திவிடுவா.

பெடியள் சிரித்தார்கள். "உந்த உடம்போடை ஒற்றராம்."

எனக்கு முன்னால் குறட்டையைக் காணவில்லை. எட்டிப் பார்த்தேன். மாமி கண் வெட்டாமல் பார்த்துக்கொண்டிருந்தா.

படம் முடிந்து சிவாண்ணை வயரெல்லாம் சுற்றும்போது மாமி கதிரையை இழுத்துக்கொண்டு பக்கத்தில் போய் இருந்தா.

"தம்பி, பாவம், பெரிய வேலையப்பா. உந்தச் சிவப்புப் பொத்தான் என்னத்துக்கு?"

"ஐயோ அக்கா, அதிலை தொடாதையுங்கோ. டிவியிலை போறது கசெற்றிலை பதிஞ்சு, இருக்கிறது அழிஞ்சு போடும்."

"அப்ப ஆரும் தெரியாமல் அமத்தினா, எங்கடை பிள்ளையின்ரை கசெற்றெல்லே போயிடும்?"

"அதுக்குத்தான் இந்த மூலைத் துண்டை உடைச்சு வைச்சிருக்கிறன். பொத்தான் அமராது. திரும்பப் பதியிறதெண்டா இந்த ஓட்டையிலை ஏதும் ஒட்ட வேணும்."

"அட, கெட்டிக்காரன்தான்" என்றா மாமி. சிவாண்ணைக்கு முகமெல்லாம் மலர்ந்தது. அவருடைய கலையைப் பற்றி அதுவரையில் ஒருவரும் இவ்வளவு கரிசனையாகக் கேட்டதில்லை.

கொஞ்ச நாள் கழித்து மாமி திரும்பவும் தன் வீட்டில் படம் போடுவித்தா. ஞாயிற்றுக்கிழமை, மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு படம், சிவாண்ணைக்கு எங்களோடு சாப்பாடு, நண்டுக் கறி. அவர் காலையிலேயே வந்துவிட்டார். தென்னையில் அன்ரனாவைக் கட்டி இந்தியா டிவியை இழுத்துச் சரிபார்த்தார். விளம்பரக் கசெற்றைத் தொடக்கத்துக்குச் சுற்றி டெக்குக்குள் ஆயத்தமாக வைத்தார். ஜெனரேட்டரை நிப்பாட்டப் போனபோது மாமி, "கிடக்கட்டும் தம்பி, பிள்ளையள் இந்தியாவைப் பாத்துக்கொண்டு இருக்கட்டும். நீர் வாரும்" என்றா.

நண்டு தின்பவரைக் கவனித்திருக்கிறீர்களா? மீன் என்றால் ஒரு கையால் தின்றுவிட்டு எழும்பலாம். நண்டு ஆளைக் கட்டிப் போட்டுவிடும். இரண்டு கையும் குழம்பு, வாயில் ஓடு, நினைவு முழுக்கக் காலுக்குள் கிடக்கிற சதையில். சிவாண்ணை உடைத்து உறிஞ்சத் தொடங்கியதும் மாமி எழும்பி முன்னறைக்குப் போனா. நான் சோறு போட்டுக்கொண்டிருந்தேன். கதவால் எட்டிப் பார்த்தால், மாமி குனிந்து தன் குதிக்கால் வெடிப்பில் ஒட்டியிருந்த பிளாஸ்டரை உரித்துக்கொண்டிருந்தா. டெக்கிலிருந்து கசெற் வெளியில் வந்தது, பிளாஸ்டர் ஒட்டுப்பட்டது, கசெற் உள்ளே போனது. சிவப்புப் பொத்தான். டிவிக்கு முன்னால் இருந்த சின்னதுகளுக்கு ஒன்றும் வித்தியாசம் தெரியவில்லை. அதுகள் பார்த்ததுதான் பதிந்துகொண்டிருந்தது.

மாமி என்னைக் கண்டுவிட்டா. முகத்தில் ஒரு மாற்றமும் இல்லை.

"என்ன பாத்துக்கொண்டு நிக்கிறாய்? போய்ச் சிவாவுக்கு இன்னும் கால் வை. பெரிய காலா வை."

நான் வைத்தேன். அவர் வேண்டாம் வேண்டாம் என்று தின்றார். அவர் கை கழுவ எழும்பியபோது மாமி கசெற்றைப் பழையபடி சுற்றி வைத்துவிட்டு வந்து, குசினி வாசலில் பிளாஸ்டரைத் திரும்பக் குதிக்காலில் ஒட்டிக்கொண்டு நின்றா.

பின்னேரம் வீடு நிறையச் சனம். பெடியள் சிலர் பூவோடேயே வந்திருந்தார்கள். நான் முதல் முறையாக முன்னால் இருந்தேன். கசெற் ஓடியது. சூரியன் உதிக்கிற இடத்தில் ஒரு எருமை உதித்தது. பக்கத்தில் ஓர் இந்தியாக்காரர் ஊசியோடு நின்று, மாட்டுக்கு எங்கே குத்த வேண்டும் என்று ஆறுதலாக விளங்கப்படுத்தினார். தண்ணி வார்வையும் இல்லை, தாமரையும் இல்லை, என் மூக்கும் இல்லை. எருமை தலையைத் திருப்பி எங்களைப் பார்த்து அசை போட்டது. திடீரென்று ஒரு கோடு ஓடி எருமை மறைய, அதே இடத்தில் வாய் நிறையப் பணியாரத்தோடு மாமி. மாமி நேரம் கணக்குப் பார்த்து வேண்டுமென்றுதான் அதற்கு முன்னால் நிப்பாட்டியிருந்தா.

வீடு கொல்லென்று சிரித்தது. எல்லோரையும் விட மாமிதான் உடம்பு குலுங்கச் சிரித்தா. சிவாண்ணை டெக்கைத் தட்டினார், கசெற்றை எடுத்து ஊதினார், அன்ரனாவைப் பார்த்தார். கடைசியில் அப்பாதான் வழக்கைத் தீர்த்து வைத்தார்.

"இது கடலுக்கு அங்காலை டவர் இழுத்த வேலை. இந்தியாக்காரன் எல்லாத்துக்கையும் வந்திட்டான். இப்ப கசெற்றுக்கையும் வந்திட்டான்."

அப்போது இந்தியன் ஆமி எங்கள் ஊருக்குள் நின்ற காலம். ஆகவே ஒருவருக்கும் இதில் சந்தேகம் வரவில்லை.

திங்கட்கிழமை பள்ளிக்கூடம் போனேன். பெடியள் பூவை விட்டுவிட்டார்கள். லாண்ட்மாஸ்டரைக் கண்டால் எருமை மாதிரிக் கத்துவதில் அவர்களுக்கு நேரம் போதவில்லை. பொட்டுக்குள்ளால் மாமியிடம் கேட்டேன், "அப்ப மாமி, உங்கடை வாயை ஏன் விட்டனீங்கள்?"

"என்ரை வாய் தின்னுற வாய்தானே, காட்டட்டும். நீ போய்க் கணக்கைச் செய்."

செய்தேன். இன்றைக்கு இந்த ஊரில் ஒரு கந்தோரில் கணக்குப் பார்க்கிறேன் என்றால் அது அந்தக் குதிக்கால் பிளாஸ்டரால்தான்.

தொண்ணூறுகள் தொடங்க, ஒரு நாள் ஊரே கையில் கிடைத்ததோடு வெளிக்கிட்டது. மாமி சாவகச்சேரியில் சொந்தக்காரர் வீட்டில் இருந்து, அங்கேயே சீவியத்தை விட்டா. செத்தவீட்டுக்கு வைக்க ஒரு படம் தேடினார்களாம், கிடைக்கவில்லை. அல்பமெல்லாம் ஊரில் அலுமாரிக்குள். வீடு இப்போது இல்லை, அலுமாரிக்கு எங்கே போவது.

கதை முடிந்ததும் மகள் கேட்டாள், "மாமியின்ரை போட்டோ ஒண்டு காட்டுங்கோவன்."

அதுதான் என்னிடம் இல்லை. இரவு நித்திரை வரவில்லை. அடுத்த நாள் ஆளாள் மாறி விசாரித்து, லண்டனில் இருக்கிற சிவாண்ணையின் நம்பரை எடுத்தேன். குரல் கிழண்டிப் போயிருந்தது, கலைஞர் மட்டும் அப்படியே இருந்தார்.

"அந்தக் கசெற்றோ? டெக்கைத் தூக்கினனான் பிள்ளை, கசெற்றுப் பெட்டியைத் திரும்பி வந்து எடுப்பம் எண்டு வைச்சிட்டு வந்திட்டன். அதிலை உம்மடை மாமியும் இருந்தவ, என்ன? பணியாரத்தோடை."

"ஓம் அண்ணை."

"என்ன நண்டுக் கறியப்பா. அதுக்குப் பிறகு ஒருக்காலும் கூப்பிடேல்லை." பிறகு குரலைத் தாழ்த்தினார். "நான் எடுத்ததுக்குள்ளை உம்மடை படம்தான் திறம். அநியாயமா இந்தியாக்காரன் அழிச்சுப்போட்டான்."

சொல்லியிருக்கலாம். இனிச் சொன்னால் யாருக்கு என்ன குறை. ஆனால் மாமி ஒருவருக்கும் சொல்லாமல் போன விசயம். அந்தக் கசெற்றுக்காக இன்றைக்கு நான் எதையும் கொடுப்பேன், பூவை மணந்து கண்ணை மூடுகிற அந்த மூக்குக்காரியையும் ஊரைக் கூட்டி வைத்துப் பார்ப்பேன். அம்மா ஆராத்தி எடுக்கிற கையைப் பார்க்கலாம். மாமி தண்ணி வார்க்கிறதைப் பார்க்கலாம்.

"ஓம் அண்ணை, அவங்கள்தான்" என்றேன்.

போனை வைத்ததும் மகள் வந்து நின்றாள். "கிடைச்சுதோ?"

இல்லை என்று தலையாட்டினேன். பிறகு கதிரையில் நன்றாகச் சாய்ந்து இருந்து, இரண்டு கன்னத்தையும் உப்பவைத்து, மாமி பணியாரம் மெல்லுகிற மாதிரி மென்று காட்டினேன். அவள் விழுந்து விழுந்து சிரித்தாள். "இன்னொருக்கால்" என்றாள். இன்னொருக்காலும் மென்றேன்.