இணைப்பு: இரண்டு தாள்

என்னைப் பணியிடை நீக்கம் செய்த உத்தரவு ஒரு வெள்ளிக்கிழமை மாலை நான்கு மணிக்குக் கைக்கு வந்தது. வில்லேஜ் ஆபீசில் என் பொறுப்பில் இருந்த நிலவரிக் கோப்பு ஒன்றைக் காணவில்லை. விசாரணை முடியும்வரை வேலை கிடையாது. பாதிச் சம்பளத்தைப் பிழைப்புப்படி என்று தருவார்கள். அதற்கும் மாதாமாதம் முதல் வேலை நாளில், வேறு எந்தத் தொழிலும் செய்யவில்லை என்று தாலுகா ஆபீசில் சத்தியவாங்மூலம் என்கிற உறுதிமொழி எழுதிக் கொடுக்க வேண்டும்.

முதல் இரண்டு மாதம் ஒரு வரி எழுதிக் கொடுத்தேன். பணம் வந்தது. மூன்றாம் மாதம் அந்த ஒற்றை வரி எனக்கே போதவில்லை. ஒன்றும் செய்யவில்லை என்று ஒருவன் சொன்னால் அதற்கு ஆதாரம் வேண்டாமா? என்னிடம் நாட்குறிப்பு இருந்தது. முப்பத்தொரு நாளையும் தேதிவாரியாக இரண்டு தாளில் பிரதியெடுத்து இணைத்தேன். தபால் வாங்கிய பெண் ‘இணைப்பு உண்டு’ என்று மட்டும் பதிந்தார். இரண்டு தாள் என்று எழுதச் சொல்லி, முத்திரை விழுந்ததைப் பார்த்த பிறகே வெளியே வந்தேன்.

வியாழக்கிழமை சூப்பிரண்ட் அம்மா கூப்பிட்டனுப்பினார். எங்களைப் போலவே கேரள எல்லையோரத் தமிழ் பேசும் கோவிந்தாபுரத்துக்காரர்.

“ஏனுங்க, காலைல ஆறு பத்துக்கு சங்கத்துல பால் ஊத்துனேன்னு முப்பத்தோரு தடவ எழுதியிருக்கீங்களே?”

“ஆமாங்க. ஒரு நாளும் விடலீங்க.”

“பால் காசு யாரு பேர்ல வருதுங்க?”

“எம்பேர்லதானுங்க. மெம்பர் நானுங்க.”

“அப்ப அது தொழிலுங்களா, இல்லீங்களா?”

நான் அப்படி யோசித்ததில்லை. எங்கள் மீனாட்சிபுரத்தில் வீட்டுக்கு வீடு மாடு உண்டு. பல் தேய்ப்பதைப் போலத்தான் பால் ஊற்றுவதும். பல் தேய்த்ததையும் எழுதியிருந்தேன்.

அந்த அம்மா குரலைத் தாழ்த்தினார். “வேப்பமரத்தடில நிக்குதுங்களே ஒரு ஆட்டோ, அதுவும் உங்களாட்ட சஸ்பென்ஷன்ல இருக்கறவரோடதுதானுங்க. சவாரிய எறக்கி உட்டுட்டு வந்து ஒரு வரி எழுதிக் குடுத்துட்டுப் போயிட்டாரு. உங்கள யாருங்க இதெல்லாம் எழுதச் சொன்னது?”

“யாரும் சொல்லலீங்க. அந்த ரெண்டு தாள மட்டும் எடுத்துக்கட்டுங்களா?”

“எப்படீங்க எடுப்பீங்க? ரெண்டு தாள்னு எண்ணிப் பதிய வெச்சதே நீங்கதான?”

படி நிறுத்தப்பட்டது. பால் ஊற்றுவது தொழிலா என்று கேட்டு மாவட்ட ஆபீசுக்குக் கடிதம் போயிற்று.

மகள் கோயமுத்தூரில் நர்சிங் படிக்கிறாள். விடுதிக் கட்டணத்துக்குக் கடைசி நாள் பதினைந்து. அந்தப் படியைத்தான் நம்பியிருந்தோம். விஷயத்தைக் கேட்ட மனைவி, “கோப்பத் தொலைச்சப்பக்கூட நான் ஒண்ணுஞ் சொல்லலீங்க” என்றாள்.

பதின்மூன்றாம் தேதி கிடாரிக் கன்றை விற்றோம். அது நான் இடைநீக்கம் ஆன பிறகு பிறந்தது. மனைவி புட்டியில் பால் கொடுத்து வளர்த்தது. வியாபாரி பொள்ளாச்சியிலிருந்து வண்டி கொண்டுவந்தார். பதினான்காம் தேதி கட்டணம் கட்டினோம்.

ஏழாவது வாரம் விளக்கம் கேட்டுக் கடிதம் வந்தது. இப்போது வீட்டில் எத்தனை மாடுகள்? அவை சஸ்பென்ஷனுக்கு முன் வாங்கியவையா, பின் வாங்கியவையா? கன்று பிறந்த தேதி, விற்ற தேதி, ஏற்றிப் போன வண்டியின் எண் உட்பட ஒரு தாள் நிறைய எழுதினேன். மனைவி படித்துப் பார்த்தாள்.

“கன்னுக்குட்டியப் பத்திக் கேட்டிருக்காங்களா?”

“இல்ல.”

“அப்பறம் என்னத்துக்குங்க எழுதறீங்க? இனி வர்ற பணத்தையும் நிறுத்தறதுக்கா?”

வேறு தாள் எடுத்தேன். ‘மாடுகள் இரண்டு. இரண்டும் முன்பு வாங்கியவை.’ அதில் பொய் எதுவும் இல்லை. இருந்தாலும் கையெழுத்துப் போடக் கொஞ்ச நேரம் பிடித்தது.

சங்க உறுப்பினர் பெயரை மனைவிக்கு மாற்ற வேண்டும் என்ற நிபந்தனையோடு நிறுத்திய படி ஒரு செவ்வாய்க்கிழமை வந்து சேர்ந்தது. பெயரை மாற்றினோம். பால் கேனை இப்போதும் நான்தான் தூக்கிக்கொண்டு போகிறேன். அதற்குச் சம்பளம் இல்லை என்பதால் அது தொழில் ஆகாது.

புதன்கிழமை அந்தப் பணத்தை எடுத்துக்கொண்டு இருவரும் கன்றைத் திரும்ப வாங்கப் பொள்ளாச்சிக்குப் போனோம். அதை விற்றாகிவிட்டது என்றார் வியாபாரி. எந்த ஊருக்கு, எந்தத் தேதியில் என்று கேட்டேன். அவர் எதையும் எழுதி வைப்பதில்லை.