மிஸ்டர் பார்லோவின் இரண்டாவது புரோகிராம்

மேசைமேல் விழுந்த மெஷின்

எங்கள் கிளினிக்குக்கு டிஜிட்டல் காது மெஷின்கள் வந்த புதிதில், மிஸ்டர் பார்லோ தன் காதுகளில் இருந்த இரண்டையும் கழற்றி என் மேசைமேல் வைத்தார். வைத்தார் என்று மரியாதைக்குச் சொல்கிறேன். எறிந்தார் என்பதுதான் உண்மை.

"இது எனக்கு வேண்டாம். பழசைத் திருப்பித் தாரும்."

அவர் பேசியது ஆங்கிலம்தான். ஆனால் என் தலைக்குள் அந்தக் கிழவரும் அவருடைய மகளும் எப்போதும் யாழ்ப்பாணத் தமிழில்தான் பேசுகிறார்கள். இத்தனை வருடம் கழித்து அதை மாற்ற எனக்கு ஏலாது, அப்படியே எழுதுகிறேன்.

நான் அப்போது தென்லண்டனில் ஒரு ஆஸ்பத்திரியின் ஓடியாலஜி பிரிவில் வேலை செய்தேன். இந்த நாட்டுக்கு அகதியாக வந்து, பெற்றோல் செட்டில் நின்று, பிறகு படித்துப் பிடித்த வேலை. செவிப்புலனைச் சோதிப்பது, காதுக்கு அச்சு எடுத்து மோல்ட் செய்விப்பது, மெஷினைக் கம்ப்யூட்டரில் பூட்டி ஆளுக்கேற்றபடி செட் பண்ணுவது. இதே வேலைக்கு இப்போது நம் பிள்ளைகள் நிறையப் பேர் வருகிறார்கள். அவர்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன்.

மிஸ்டர் பார்லோவுக்கு எண்பது தாண்டியிருந்தது. மோர்டனில் தனியாக இருந்தார். யுத்த காலத்தில் லங்காஸ்டர் என்ற குண்டுவீச்சு விமானத்தில் வயர்லெஸ் ஒப்பரேட்டர். ஏழு பேர் கொண்ட குழுவில் காதை நம்பி வேலை செய்தவர் அவர்தான். அந்தக் காதை அந்த விமானமே தின்றுவிட்டிருந்தது. மிச்சத்தை வயது தின்றது. மெஷின் இல்லாமல் அவருக்கு அநேகமாக ஒன்றும் கேட்காது.

"என்ன பிரச்சினை, சொல்லுங்கோ" என்றேன்.

"மகளோட ஒரு விமானக் காட்சிக்குப் போனனான். லங்காஸ்டர் வந்தது. எல்லாரும் மேல பாக்கினம், நானும் பாக்கிறன். முதல்ல சத்தம் கேட்டுது. பிறகு ஆரோ வந்து மூடிபோட்டு மூடின மாதிரி இல்லாமப் போச்சு. விமானம் தலைக்கு மேல நிக்குது, சத்தம் இல்லை. உம்மட மெஷின் என்ன செய்தது?"

அது என்ன செய்தது என்று எனக்கு உடனே விளங்கிவிட்டது. டிஜிட்டல் மெஷின் ஒரு கெட்டிக்காரன். மனிதர் பேசும் சத்தம் ஏறி இறங்கும்; அதைக் கூட்டித் தரும். ஒரே சீராக இரைந்துகொண்டிருப்பதை, பிரிட்ஜோ மின்விசிறியோ பஸ் எஞ்சினோ, தேவையில்லாத இரைச்சல் என்று முடிவு கட்டிக் குறைத்துவிடும். அதற்காகத்தான் பலர் அதைத் தலையில் வைத்துக் கொண்டாடினார்கள். அந்தக் கெட்டிக்காரனுக்கு லங்காஸ்டரின் நான்கு எஞ்சினும் குசினிப் பிரிட்ஜும் ஒன்றுதான்.

"மெஷின் அதை இரைச்சல் எண்டு நினைச்சிட்டுது" என்றேன்.

அவர் என்னை ஒரு பார்வை பார்த்தார். இன்றைக்கும் அந்தப் பார்வை எனக்குப் பிடிக்கவில்லை.

"தம்பி, அந்த இரைச்சலுக்குள்ளதான் என்ர ஆறு பேரும் இருக்கினம்."

காதுக்குத்து

அவருடைய குழுவைப் பற்றி அன்றைக்கே சொன்னார். என் அடுத்த நோயாளி வெளியே காத்திருந்தார். நான் நிறுத்தவில்லை.

விமானப்படை அவர்களை ஏழு ஏழாகப் பிரிக்கவில்லையாம். ஒரு பெரிய கொட்டகைக்குள் எல்லாரையும் விட்டு, நீங்களே ஆள் சேர்த்துக்கொள்ளுங்கள் என்று சொல்லிவிட்டதாம். விமானி வந்து, "உமக்கு ஆள் இருக்கோ?" என்று கேட்டானாம். இல்லை என்றதும், "அப்ப எங்களோட வாரும்." அவ்வளவுதான். கலியாணம் பேசுவதைவிடச் சுகமாக முடிந்துவிட்டது என்று சிரித்தார்.

பிறகு ஒருநாள் அவருக்குச் சளித் தடிமன் பிடித்துக் காது குத்தியது. காது அடைத்திருந்தால் மேலே ஏறும்போது செவிப்பறை வெடித்துவிடும். டாக்டர் பறக்க வேண்டாம் என்றுவிட்டார். அவருடைய இடத்தில் வேறொருவன் ஏறினான். இவர் காதில் பஞ்சோடு ஓடுபாதைக்குப் பக்கத்தில் நின்று கையசைத்தார். தன் சொந்த விமானம் எழும்பும் சத்தத்தைக் கீழே நின்று அவர் கேட்டது அந்த ஒருமுறைதான்.

"அதுக்குப் பிறகு திரும்பி வாற சத்தத்துக்குக் காத்துக்கொண்டு நிண்டனான். மற்ற விமானங்கள் வந்திச்சு. எங்கட ஆக்கள் வரேல்லை."

அந்த வருடக் கோடையில், யுத்தம் முடிந்து அறுபது வருடமானதை நினைவுகூர்ந்து லண்டன் நகரின் நடுவே பழைய விமானங்கள் பறக்கவிருந்தன. லங்காஸ்டரும் வரும். அவருக்கு அழைப்பு வந்திருந்தது. குண்டுவீச்சு விமானக்காரர்களுக்கென்று அப்போது லண்டனில் ஒரு பெரிய நினைவுச்சின்னம்கூட இருக்கவில்லை. அவர்கள் ஜெர்மன் நகரங்கள்மேல் போட்ட குண்டுகளில் பொதுமக்கள் ஆயிரக்கணக்கில் செத்திருந்தார்கள்; அதைப் பற்றி வாய் திறக்கவே பலர் கூச்சப்பட்டார்கள். அதனால் இந்த அழைப்பு அவருக்குப் பெரிது.

"இன்னொரு கோடை எனக்கு வருமோ தெரியாது. அண்டைக்கு அது எனக்குக் கேக்கவேணும். அதுக்கு ஒரு வழி பண்ணும்."

பழைய மெஷின்களை நாங்கள் திருப்பி அனுப்பியாகிவிட்டது. ஆனால் புதியதில் ஒரு வசதி உண்டு. இரண்டாவது புரோகிராம் ஒன்று போட்டு, அதில் இரைச்சல் குறைக்கும் வேலையை முழுவதும் நிறுத்திவிடலாம். காதுக்குப் பின்னால் உள்ள பட்டனை அமத்தினால் இரண்டு தரம் பீப் அடிக்கும், புரோகிராம் மாறிவிடும். செய்து தருகிறேன் என்றேன்.

தரை மினுக்கும் மெஷின்

கேட்பதற்குச் சுலபமாக இருக்கிறது. செட் பண்ணினால் சோதிக்க வேண்டும். சோதிக்க, நின்று இரையும் ஒரு சத்தம் வேண்டும். அடுத்த தடவை அவர் வந்தபோது, காரிடோரில் தரை மினுக்கும் மெஷினோடு நின்ற துப்புரவுத் தொழிலாளியை அறைக்குள் கூப்பிட்டு, அதை ஓட விடச் சொன்னேன்.

எங்கள் பிரிவின் தலைமை சாந்தா மேடம். மலேசியாவில் ஈப்போக்காரர்; படிக்க வந்து இங்கேயே தங்கிவிட்டவர். சத்தம் கேட்டு ஓடிவந்தார்.

"என்ன லா குமார் இது? காது டெஸ்ட் பண்ற ரூம்ல தரை தேய்க்கிறீங்க?"

"லங்காஸ்டர் இல்லை மேடம். கிடைச்சதை வைச்சுப் பாக்கிறம்."

மிஸ்டர் பார்லோ கண்ணை மூடிக்கொண்டு அந்த மெஷினை மிக மரியாதையாகக் கேட்டுக்கொண்டிருந்தார். மேடத்துக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

"பாவம் லா அவரு. நல்லா செஞ்சு கொடுங்க. ஆனா அடுத்த தடவை ஏதாச்சும் சிடி கொண்டாரச் சொல்லுங்க. மேலதிகாரி யாராச்சும் பாத்தா என்னைத்தான் கேப்பாங்க."

"கேக்குது" என்றார் மிஸ்டர் பார்லோ, கண்ணைத் திறந்து. "ஆனா இது ஒரு எஞ்சின்தான்."

நாங்கள் எல்லாரும் சிரித்தோம். இந்த வேலையில் நான் மிகச் சந்தோஷமாக இருந்த நாட்களில் அதுவும் ஒன்று. அத்தோடு முடிந்திருக்கலாம் என்று பல தடவை நினைத்திருக்கிறேன்.

வாய்

அவர் சிடி கொண்டுவந்தார். லங்காஸ்டர் தொலைவிலிருந்து வந்து தலைக்கு மேலால் போகும் சத்தம். சோதனை அறையில் இருந்த பெரிய ஸ்பீக்கரில் போட்டேன். அந்த அறைக்குள் வெளிச்சத்தம் எதுவும் வராது. அதனால் அந்தச் சத்தத்தைத் தவிர உலகத்தில் வேறொன்றும் இல்லாதது போல் இருந்தது.

முதலில் தரையில்தான் அதிர்வு வந்தது. பிறகு வயிற்றில். நான் கம்ப்யூட்டரைப் பார்த்தபடி நின்றேன், அப்படித்தான் நினைத்துக்கொண்டிருந்தேன். சத்தம் முடிந்ததும் பார்த்தால் அவர் மெஷினைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"நீர் ஏன் வாயைத் திறந்துகொண்டு நிண்டனீர்?"

அப்போதுதான் என் வாய் ஆவென்று திறந்திருப்பது எனக்கே தெரிந்தது.

யாழ்ப்பாணத்தில் குண்டுவீச்சுக் காலத்தில் பள்ளிக்கூடத்திலேயே சொல்லிக் கொடுத்தார்கள். பொம்மர் வந்தால் குப்புறப் படு, காதைப் பொத்து, வாயைத் திற. வாயை மூடியிருந்தால் வெடி அதிர்வில் செவிப்பறை கிழிந்துவிடும். பின்னாளில் லண்டனில் காதைப் பற்றிப் படித்தபோதுதான் அதன் காரணம் விளங்கியது. உடம்பு அதற்கு முன்பே படித்துவிட்டிருந்தது.

நோயாளியிடம் சொந்தக் கதை பேசுவதில்லை என்பது எங்கள் வழக்கம். ஆனால் அவர் கேட்டார். வாழ்நாளெல்லாம் காதோடு மாரடித்த மனிதர். அவரிடம் கொட்டாவி விட்டேன் என்று பொய் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. சொன்னேன்.

எங்கள் வளவுக்குள் பங்கர் வெட்டி வைத்திருந்ததைச் சொன்னேன். எங்களுக்கு முன் நாய்க்குச் சத்தம் கேட்டுவிடும், அது முதலில் இறங்கும், அதைப் பார்த்து நாங்கள் இறங்குவோம் என்றேன். நாங்கள் சகடை என்று கூப்பிட்ட விமானம் பொம்மரைப்போல் பாய்ந்து போகாது, மேலேயே நின்று மெதுவாகச் சுற்றிக் குண்டைத் தள்ளிவிடும். ஒருநாள் அது வந்தபோது பக்கத்து வீட்டு ரீச்சரை நாங்கள் பங்கருக்குள் இருந்து கூப்பிட்டோம். அடுப்பை அணைத்துவிட்டு வாறன் என்றார். வரவில்லை.

மிஸ்டர் பார்லோ திரும்பி அந்த ஸ்பீக்கரைப் பார்த்தார்.

"அது உங்கட விமானம் இல்லை, மிஸ்டர் பார்லோ" என்றேன். சமாதானம் சொல்வதாக நினைப்பு.

"சத்தத்தை வைச்சு எந்த விமானம் எண்டு உங்களுக்குத் தெரியுமோ?"

"ஓம். சின்னப் பிள்ளையளுக்குக்கூடத் தெரியும்."

"அப்ப ஜெர்மனியிலையும் பிள்ளையளுக்கு எங்கட சத்தம் தெரிஞ்சிருக்கும்" என்றார்.

பிறகு, "இன்னொருக்காப் போடும்" என்றார். போட்டேன். முன்பு தரை மினுக்கும் மெஷினைக்கூடக் கண்ணை மூடிக் கேட்டவர், இந்தத் தடவை கண்ணைத் திறந்துகொண்டு, மேலே, எங்கள் அறையின் வெள்ளைக் கூரையைப் பார்த்தபடி கேட்டார். எழும்பிப் போகும்போது என் கையைப் பிடித்துக் குலுக்கினார். பட்டனை அமத்த மறக்கவேண்டாம், இரண்டு பீப் என்றேன். தலையை ஆட்டினார்.

மகள் வந்த நாள்

அந்தக் கோடை போய், குளிர் வந்து, அது முடியும் நேரம் அவருடைய மகள் கிளினிக்குக்கு வந்தார். மெஷின்கள் ஆஸ்பத்திரிக்குச் சொந்தம். ஆள் இறந்தால் வீட்டார் திருப்பித் தந்துவிடுவார்கள். அவர் கையிலிருந்த சின்னப் பெட்டியைக் கண்டதும் எனக்கு விளங்கிவிட்டது.

அனுதாபம் சொன்னேன். பிறகு கேட்காமல் இருக்க முடியவில்லை.

"கோடையில விமானம் பாக்கப் போனவரோ? கேட்டுதாமோ?"

"போனவர். நானும் பக்கத்தில நிண்டனான்" என்றார் மகள். "மற்றக் கிழவர்கள் எல்லாம் அழுகினம், சல்யூட் அடிக்கினம். அப்பா காதுக்குப் பின்னால பட்டனை அமத்தினார். லங்காஸ்டர் கிட்ட வரேக்க வாயை ஆவெண்டு திறந்தார். அது போய் முடியுமட்டும் மூடேல்லை. எனக்குப் பயமாப் போச்சு, ஏதும் நெஞ்சு வருத்தமாக்கும் எண்டு. என்னப்பா எண்டு கேட்டன்."

"என்ன சொன்னவர்?"

"கீழ நிக்கேக்க இப்பிடித்தான் நிக்கவேணும் எண்டார்."

நான் பெட்டியைக் கையில் வாங்கிக்கொண்டேன். அவர் தொடர்ந்தார்.

"முந்தியெல்லாம் அந்தச் சத்தத்தைப் பற்றிக் கதைச்சாக் கூட்டாளிமாரைப் பற்றித்தான் கதைப்பார். ஒவ்வொருத்தற்ற பேரும் சொல்லுவார். அண்டைக்குப் பிறகு கதைக்கவே இல்லை. மெஷினில ஏதும் பிழையோ?"

"மெஷின் சரியாத்தான் வேலை செய்தது" என்றேன். "அப்பிடி நிக்கிறது நான் சொன்னதாலதான்." ஏன், எப்படி என்று சுருக்கமாகச் சொன்னேன். மகள் கேட்டுக்கொண்டிருந்தார். கோபித்திருந்தால் எனக்கு ஆறுதலாக இருந்திருக்கும். அவர் கைப்பையிலிருந்து மிச்சம் இருந்த பேட்டரிகளை எடுத்து, ஆருக்காவது உதவும் என்று மேசைமேல் வைத்துவிட்டுப் போனார்.

அன்று நோர்பரியில் வீட்டுக்கு வந்து என் மனைவியிடம் சொன்னேன்.

"அவர் கேட்டவர், நீங்கள் சொன்னியள். உண்மையைத்தானே சொன்னியள்? அதில என்னப்பா பிழை?" என்றாள்.

அவள் சொல்வது சரி. குண்டு விழுந்தவர்களை அந்தக் கிழவர் கடைசியில் நினைத்தார் என்றால் அதற்கு நான் வருத்தப்படக் கூடாது. ரீச்சருக்காகவும் ஒருவர் வாயைத் திறந்து நின்றார் என்று என்னையே தேற்றிப் பார்த்திருக்கிறேன். ஆனால் அவர் என்னிடம் கேட்டு வந்தது அதுவல்ல. காதில் பஞ்சோடு ஓடுபாதையில் நின்ற பையன், போன ஆறு பேரும் திரும்பி வரும் சத்தத்தை ஒருமுறை கேட்க வந்தான். அறுபது வருடம் காத்திருந்து வந்தான். அன்றைக்கு அவன் தலைக்கு மேலால் போனது என்னுடைய சகடை.

இந்த வேலைக்கு வரும் பிள்ளைகளுக்கு மெஷின் செட் பண்ணக் கம்ப்யூட்டரே சொல்லித் தரும். நான் சொல்ல இருப்பது ஒன்றுதான். உங்கள் முன்னால் இருப்பவர் எதைக் கேட்க ஆசைப்பட்டு வந்தார் என்று விசாரியுங்கள். அதை மட்டும் அவருடைய காதில் வைத்து அனுப்புங்கள். உங்கள் வாயை மூடிக்கொள்ளுங்கள்.