காலி மனைக்கு முன் எடுத்த மூன்று படங்கள்

கேமரா திரையிலிருந்து தலையை நிமிர்த்தியபோது என் மகள் கவினி அங்கே இல்லை.

நான் கல்யாணப் படம் எடுப்பவன். அப்போது தங்கா பத்துவில், பழைய எஸ்டேட் நிலத்தில் எழுந்த ஒரு தாமான் குடியிருப்பில், வீடு வீடாகப் போய்க் குடும்பங்களைப் படமெடுத்துக்கொண்டிருந்தேன். பள்ளி விடுமுறை என்பதால் ஆறு வயது கவினியும் வந்தாள். லைட் டெஸ்டுக்கு முதலில் அவளைத்தான் நிறுத்துவேன்.

கடைசி வரிசையில் சரோஜா அக்கா வீடு. அந்த எஸ்டேட்டிலேயே பிறந்தவர். வாசலில் வெளிச்சம் போதவில்லை. எதிரே லாலாங் புல் மண்டிய காலி மனை இருந்தது. அதைப் பின்னணியாக வைத்து நிற்கச் சொன்னேன்.

"அதுக்கு முதுகு காட்டி நிக்க மாட்டேன் தம்பி. முனியாண்டி கோயில் அங்கதான் இருந்துச்சு."

"அதான் வேற எடத்துக்கு மாத்திட்டாங்களேக்கா?"

"சிலைய லோரில ஏத்துனாங்க. அவரு ஏறுனாரான்னு யாரு பார்த்தா?" என்று சிரித்தார். "நீ வேணா நில்லு லா."

நானும் சிரித்தேன். கவினியை அங்கே நிறுத்தி மூன்று படம் எடுத்தேன். பிறகு திரையில் பார்த்தேன். மூன்றிலும் அவள் முகம் மனைப் பக்கம் திரும்பியிருந்தது. வலது கை, உயரமான ஒருவரின் விரலைப் பிடித்திருப்பதுபோல் மேலே நீண்டிருந்தது. அப்போதுதான் தலையை நிமிர்த்தினேன்.

கத்திக்கொண்டே புல்லுக்குள் ஓடினேன். அக்கா செருப்புகூடப் போடாமல் பின்னால் வந்தார். நல்ல மத்தியானம். காற்றே இல்லை. புல்லுக்கு நடுவில், மூடியில்லாத பெரிய லோங்காங் வாய்க்கால் முழுக்க மழைத்தண்ணீர். அதன் விளிம்புக்குச் சற்று முன்னால் கவினி சம்மணமிட்டு உட்கார்ந்திருந்தாள்.

"இங்க ஏம்மா வந்த?"

"அங்கிள் கூட்டிட்டு வந்தாருப்பா. தண்ணி இருக்கு, இங்கயே உட்காருன்னாரு."

"காப்பாத்திட்டாரு," என்று அக்கா கையெடுத்துக் கும்பிட்டார்.

கூட்டிப் போனவரும் அவர்தானே? அந்தக் கேள்வி இன்றும் என்னைத் தூங்கவிடுவதில்லை.

இந்தத் தொழிலுக்கு வருகிறவர்களுக்கு ஒன்று சொல்வேன். ஓர் இடத்தில் நிற்கமாட்டேன் என்று அந்த ஊர்க்காரர் சொன்னால், வேறு யாரையும் அங்கே நிறுத்தாதீர்கள்.

கவினியை நான் இப்போது வேலைக்கு அழைத்துப் போவதில்லை. வீட்டில் படமெடுக்க நிற்கச் சொன்னால், வலப்பக்கம் ஓர் ஆளுக்கு இடம் விட்டுத்தான் நிற்கிறாள்.